இரண்டாம் ராசாவின் சத்தம்

ஓடுகிறோம். அண்ணையின் தலையில் இன்னும் ராசா முடி இருக்கிறது. தாடைக்குக் கீழே இறுக்கிக் கட்டிய நாடா. கண்ணாடித் துண்டு பதித்த முடி. வெயிலில் மின்னுகிறது. பின்னால் ஓடி வருகிறவர் கத்துகிறார்.

"முடியைக் கழட்டி எறியடா றெமி! மேலை பொம்மர் வந்தா உந்த மினுக்கத்தைத்தான் காணுவான்!"

அண்ணையால் கழற்ற முடியாது. வலது கையில் இரண்டு விரல்கள் தோலில் தொங்குகின்றன. இடது கையால் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு ஓடுகிறார். காலில் சலங்கை. ஒவ்வொரு அடிக்கும் அது கலகலக்கிறது. ஆட்டம் இன்னும் நடப்பது போல.

டுப்.

ஷெல் குத்துகிறான். கடலுக்கு அப்பால் ஆமி முகாம். குத்துகிற சத்தம் சின்னது. கதவில் ஒரு தரம் தட்டுவது போல. பிறகு கூவல். கூவிக்கொண்டே தலைக்கு மேலால் போனால் அது வேறு யாருக்கோ. கூவல் நடுவில் அறுந்தால் எங்களுக்கு.

அறுகிறது.

"படுங்கோ!"

படுக்கிறோம். மண் வாய்க்குள் போகிறது. வலை வைக்கும் வாடியின் கூரை அப்படியே எழும்பித் திரும்ப விழுகிறது. எனக்கு இடது காது கேட்கவில்லை. அன்றிலிருந்து கேட்கவில்லை. எழும்புகிறோம். ஓடுகிறோம். அம்மா எங்கே என்று திரும்பிப் பார்க்கிறேன். அம்மா கோயில் முற்றத்தில் கிடந்தார். நான் பார்த்துவிட்டுத்தான் ஓடினேன். ஓடும்போது அது மறந்துவிட்டது.

என் பெயர் மெற்றில்டா. குருநகர். அப்போது வயது பதினான்கு. எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது. நான் அதிகம் கதைக்கிறவள் இல்லை. நாலு பேர் கூடி நின்றால் தலையைக் குனிந்துகொண்டு போய்விடுவேன். இப்போதும் அப்படித்தான். ஆனால் இந்த வருடம் எங்கள் கோயில் முற்றத்தில் ஒரு கல் நட்டிருக்கிறார்கள். அன்று செத்தவர்களின் பெயர்கள் வெட்டிய கல். அதில் ஒரு பெயர் இல்லை. சவிரிமுத்து என்ற பெயர். அதற்காகவே எழுதுகிறேன்.

அது உயிர்ப்புத் திருநாள் கழிந்த ஞாயிறு. பகல். கோயில் நேர்த்திக்குக் கூத்துப் போட்டார்கள். முந்திய காலத்தில் இரவு முழுக்க ஆடுவார்கள். அந்த வருடங்களில் கரண்ட் இல்லை. இரவில் வெளிச்சம் போட்டால் ஷெல் வரும். அதனால் பூசை முடிந்த கையோடு பகலில் தொடங்கினார்கள். வேர்வையில் முகப்பூச்சு வழிந்தது. பெண் வேசம் போட்டவரின் மீசை நிழல் தெரிந்தது. எல்லோரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்புக்காகவே சனம் வந்திருந்தது.

எங்கள் கூத்தில் ஒரு வேசத்துக்கு இரண்டு பேர். ராசாவுக்கும் இரண்டு பேர். முதல் பாதிக்கு ஒருவர், பின் பாதிக்கு ஒருவர். அவ்வளவு நேரம் ஒரு தொண்டை தாங்காது. கதையில் ஒரே ராசா. ஆள் மட்டும் மாறும். முதல் ராசாவாக வருவது குடும்பத்துக்கு மரியாதை. அந்த வருடம் சவிரியண்ணைதான் முதல் ராசா என்று ஊர் நினைத்திருந்தது. அவருக்கு முப்பத்திரண்டு வயது. குரல் கரகரத்த குரல். ஆனால் கடல்வரை கேட்கும். கூத்துப் பழக்கிய அண்ணாவியார் கடைசி நேரத்தில் அந்த வேசத்தை என் அண்ணை றெமீசியஸுக்குக் கொடுத்தார். அண்ணைக்கு இருபத்துநாலு வயது. வடிவான ஆள். குரலும் வடிவு. சவிரியண்ணை இரண்டாம் ராசா. ஒத்திகையில் வாய்த்தர்க்கம் நடந்தது. எங்கள் தெருவும் அவருடைய தெருவும் இரண்டு பக்கம் நின்றன. பிறகு சவிரியண்ணை ஒத்துக்கொண்டார். ஒத்துக்கொண்டார் என்று ஊர் நம்பவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். முதல் ராசா மேடைக்கு வரும்போது வெடி கொளுத்துவார்கள். ராசாவின் தகப்பன்தான் கொளுத்த வேண்டும். ராசா தன் வரவுப் பாட்டைப் பாடி முடிக்கும்வரை சபையில் ஒருவரும் எழும்பக்கூடாது. எழும்பினால் ராசாவுக்குக் குறை. அந்த வருடங்களில் வெடி எங்கே கிடைத்தது? சவர்க்காரமே கிடைக்கவில்லை. ஆனால் அப்பா எங்கேயோ தேடி ஒரு கட்டு வெடி எடுத்துவிட்டார். எடுத்ததை ஊரெல்லாம் சொன்னார்.

"இண்டைக்கு என்ரை மோன் வரேக்கை பாருங்கோ. காது கிழியும்."

காத்திருந்தார்கள். வெடிச்சத்தம் எப்போது கேட்கும் என்று முற்றம் முழுக்கக் காத்திருந்தது.

நான் சபையில் இருக்கவில்லை. கூச்சம். அம்மா முன் வரிசையில் அண்ணைக்குப் போடும் மாலையோடு இருந்தார். என்னைக் கூப்பிட்டார். நான் போகவில்லை. மேடைக்குப் பக்கத்தில் காயப்போட்ட வலைக்குப் பின்னால் நின்றேன். அங்கிருந்து மேடையும் தெரியும். கடலும் தெரியும். மேடைக்குப் பின்புறம் சவிரியண்ணை நின்றார். அரை வேசம். வெற்று மார்பு. கையில் ஒரு பீடி. அவரும் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

மத்தளம் உரக்கிறது. கட்டியகாரன் ராசா வருகிறார் என்று கூறுகிறான். அண்ணை வருகிறார். ராசா யாரையும் பார்க்கக்கூடாது. அரைக் கண் மூடி, தோளை ஆட்டி, மெதுவாக வருகிறார்.

டமார்.

கடலில் தண்ணீர் எழும்பியது. பனை உயரம். வெள்ளை. நான் பார்த்தேன். யாரோ மீனுக்கு டைனமைற் போட்டான் என்று நினைத்தேன். சபை கடலைப் பார்க்கவில்லை. சபை மேடையைப் பார்த்தது. சபைக்கு அது வெடி. அப்பாவின் வெடி. கை தட்டினார்கள். விசில் அடித்தார்கள். அண்ணை பாடத் தொடங்கினார்.

சவிரியண்ணை பீடியை எறிந்தார். மேடைக்குப் பாய்ந்தார்.

"ஷெல்லடா! படுங்கோ! எல்லாரும் படுங்கோ!"

மத்தளம் நிற்கவில்லை. சபையில் ஒரு சத்தம் எழும்பியது. பயந்த சத்தம் இல்லை. கோபச் சத்தம்.

"எடேய், உன்ரை வரவு பின்னேரந்தான்ரா! இறங்கு!"

"பாத்தியே எரிச்சலை. பெடியன்ரை வரவைக் குழப்ப வந்திட்டான்."

"வெடிக்குப் பயந்த ராசா! பிடிச்சு இறக்குங்கோவன் உவனை!"

சிரித்தார்கள். ஒருவர் செருப்பால் எறிந்தார். அது அவருடைய மார்பில் பட்டது. அவர் குனிந்துகூடப் பார்க்கவில்லை. இரண்டாம் தரம் கத்தினார். "படுங்கோ" என்ற சொல்லின் நடுவில் குரல் உடைந்தது. அண்ணை அவருக்கு முதுகைக் காட்டித் திரும்பினார். பாடிக்கொண்டு திரும்பினார். கடைசி வரிசையில் சில பெண்கள் மட்டும் பிள்ளைகளை இழுத்துக்கொண்டு படுத்தார்கள். மற்றச் சனம் இருந்தது. ராசா பாடுகிறார். எழும்பக்கூடாது.

மூன்றாம் தரம் கத்தினார். கையை இரண்டு பக்கமும் விரித்துக்கொண்டு.

கூவல் கேட்டது. அறுந்தது.

முற்றத்தில் நின்றுகொண்டிருந்தவர் அவர் ஒருவர்தான். மேடையில் ஆடியவர்களையும் வலைக்குப் பின்னால் என்னையும் விட்டால். அவர் விரித்த கையோடு விழுந்தார், இருந்தவர்கள் இருந்தபடி விழுந்தார்கள். புழுதி அடங்கிய பிறகு நான் அப்பாவைப் புரட்டினேன். மடியில் வெடிக்கட்டு இருந்தது. சுற்றிய கடதாசி பிரிக்கவில்லை. திரி கருகவில்லை. ராசா அருகில் வந்த பிறகு கொளுத்தலாம் என்று வைத்திருந்திருக்கிறார். சத்தம் கேட்டதும் வேறு யாரோ முந்திக் கொளுத்தியதாக நினைத்திருப்பார். அம்மாவின் கையில் மாலை இருந்தது. கை அம்மாவிடம் இல்லை. இதை எழுதாமல் விடலாம் என்று நினைத்தேன். எழுதிவிட்டேன்.

பிறகு ஓடினோம். அதைத்தான் முதலில் எழுதினேன்.

பெரியாஸ்பத்திரி. நடைபாதையில் நிலத்தில் படுக்கை. அண்ணையின் கையில் கட்டு. இரண்டு விரல்கள் இல்லை. முகத்தில் ராசாவின் பூச்சு அரைவாசி இருந்தது. நான் அவருக்குச் சொன்னேன். தண்ணீர் எழும்பியதைச் சொன்னேன். அப்பாவின் வெடி கொளுத்தப்படவில்லை என்று சொன்னேன். சவிரியண்ணை மூன்று தரம் கத்தினார் என்று சொன்னேன். என் வாழ்க்கையில் அவ்வளவு நேரம் நான் கதைத்தது அன்றுதான்.

அண்ணை கூரையைப் பார்த்துக்கொண்டு கிடந்தார்.

"எனக்கு ஒண்டும் கேக்கேல்லை பிள்ளை. மத்தளம்தான் கேட்டது."

ஊருக்கும் சொன்னேன். சவிரியண்ணையைப் புதைத்த அன்றே கதை தொடங்கிவிட்டது. மேடையில் நின்று ஷெல் என்று சொன்னான், ஷெல் விழுந்தது. சொன்ன பிறகுதான் விழுந்தது. அவன் வாயால்தான் வந்தது. முதல் சத்தம் வெடி இல்லை என்று சொன்னேன். கடலில் விழுந்ததற்கு அடையாளம் ஏது? தண்ணீர் மூடிக்கொண்டது. வெடிக்கட்டை அப்பாவோடு புதைத்துவிட்டார்கள். பதினான்கு வயதுப் பிள்ளை. தாய் தகப்பன் செத்த பிள்ளை. பயத்தில் உளறுகிறாள் என்றார்கள். பெரியம்மா என் வாயைப் பொத்தினார்.

"உன்ரை தாயைத் திண்டவனுக்காக நீ கதைக்கிறியோடி?"

சவிரியண்ணையின் மனைவி திரேசா. அப்போது வயிற்றில் பிள்ளை. மரித்தோர் திருநாளில் கோயிலில் பெயர்கள் வாசிப்பார்கள். சவிரியண்ணையின் பெயரைத் தனியாகக் கடைசியில் வாசித்தார்கள். அடுத்த வருடம் வாசிக்கவில்லை. திரேசா அக்கா கருவாடு விற்றார். சந்தையில் எங்கள் தெருச் சனம் அவருடைய ஓலைக் கடகத்தைத் தாண்டிப் போகும். பிறந்தது மகள்; வளர்ந்த பிறகு அவளுக்குப் பேசிய சம்பந்தம் ஒன்று குழம்பியது. வாய்ச்சாபக்காரன் குடும்பம் என்று மாப்பிள்ளை வீட்டார் சொன்னார்களாம். மகள் கட்டாமலே இருக்கிறாள்.

அண்ணையை ஜேர்மனிக்கு அனுப்பினோம். படகு விற்றோம். கோப்பாயில் சொந்தக்காரர் வீட்டில் இடம்பெயர்ந்து இருந்த காலம். விடியப்புறம் சைக்கிளில் போனார். என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. நான் தூங்குவதாக நினைத்தார்.

அவருடைய சீவியத்தை நான் தொலைபேசியில்தான் கேட்டேன். முதலில் தெருமுனைக் கடையில் வரிசையில் நின்று. பிறகு கைபேசியில். முதல் இரண்டு வருடம் அகதி முகாம். ஒரு அறைக்கு ஆறு பேர். பிறகு ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவினார். முகாமில் நாடகம் பழக்குகிற ஒரு ஜேர்மன் அம்மா அந்தக் கடைக்கு வந்தார். உயரமான பெண். அண்ணை கோப்பை கழுவிக்கொண்டு பாடியதைக் கேட்டாராம். மைக் இல்லாமல் மண்டபத்தின் கடைசிச் சுவரில் போய்த் தட்டுகிற குரல். அவர்களிடம் அப்படிக் குரல் இல்லையாம்.

மேடையில் முதல் வேசம் பிணம். ஒரு பருவம் முழுக்கப் பிணமாகக் கிடந்தார்.

"பிணத்துக்கும் மாசச் சம்பளம் இருக்குப் பிள்ளை. உங்கை உயிரோடை இருக்கிறவனுக்கே இல்லை."

சிரித்தார். நானும் சிரித்தேன். இரண்டாவது வேசம் களவெடுக்கிறவன். மூன்றாவது ஊமை வேலைக்காரன். மொழி தெரியாது. வசனத்தை ஒலியாகப் பாடம் செய்தார். கூத்துக்காரனுக்கு அது சுலபம். அர்த்தம் பிறகு வந்தது என்பார். பத்து வருடம் கறுப்பனுக்கென்று எழுதிய வேசங்கள். பிறகு அந்நாட்டுப் பிரசை. பிறகு ஒரு நகரத்து நாடக மண்டபத்தில் நிரந்தர நடிகர். அங்கே அது அரசாங்க உத்தியோகம் போல. அவர்களுடைய பழைய நாடகங்களில் கிழவனாக, நீதவானாக, பேயாக நடித்தார். ஒரு நாடகத்தில் ராசாவாகவும் நடித்தார். அதற்குப் படம் அனுப்பினார். அந்த ராசாவுக்கு முடி இல்லை. சாதாரண கோட்டு.

அதன்பிறகு தானே ஒரு நாடகம் செய்தார். ஒரு ஆள் மட்டும் நடிக்கிற நாடகம். எங்கள் கோயில் முற்றத்தைப் பற்றியது. அதுதான் அவரைப் பெரிய ஆளாக்கியது. நாடு நாடாகப் போனார். பரிசு கொடுத்தார்கள். பேப்பர்களில் படம். விரல் இல்லாத கையை முன்னால் நீட்டிய படம். அதில் என்ன இருக்கிறது என்று கேட்டேன். "எங்கடை கதைதான்" என்றார். எனக்குப் பெருமையாக இருந்தது. உண்மையில் பெருமையாக இருந்தது. எங்கள் சாவை யாரோ கேட்கிறார்களே என்று.

இந்த வருடம் வந்தார். ஜேர்மன் அம்மாவும் வெளிச்சக்காரர்களும் கூட வந்தார்கள். யாழ்ப்பாணத்தில் ஒரு மண்டபத்தில் அந்த நாடகம். தமிழில் ஒரு தடவை. அடுத்த ஞாயிறு கோயில் முற்றத்தில் கல் திறப்பு. கல்லுக்கு என்னென்ன பெயர் என்று கோயில் சபை முடிவெடுத்துக்கொண்டிருந்தது. சவிரிமுத்துவின் பெயரில் இழுபறி. போட்டால் தாங்கள் வரமாட்டோம் என்று சில குடும்பங்கள் நின்றன.

திரேசா அக்கா என்னைத் தேடி வந்தார். அத்தனை வருடத்தில் முதல் தரம். வாசலுக்குள் வரவில்லை.

"சபைத் தலைவரிட்டைப் போனனான். றெமி ஒரு வார்த்தை சொல்லட்டும், உடனை கல்லிலை வெட்டுவிக்கிறன் எண்டார். உன்ரை அண்ணையை ஒருக்காக் கேள் பிள்ளை. எனக்குச் சோறு வேண்டாம், ஒண்டும் வேண்டாம். அந்தாளின்ரை பேர் மற்றவையோடை இருக்கட்டும். என்ரை பெட்டை அதைப் பாக்கட்டும்."

கேட்கிறேன் என்றேன்.

மண்டபத்தில் ஒத்திகை. மேடையில் ஒரு கதிரை. அது எனக்கு என்றார் அண்ணை. நாடகத்தின் முடிவில் அவர் என்னைத் திரும்பிப் பார்த்துக் கேட்பார். நான் ஓம் என்று சொல்ல வேண்டும். அவ்வளவுதான். உயிரோடு இருக்கிற சாட்சி. எனக்கு மேடை என்றாலே நடுக்கம். திரேசா அக்காவை நினைத்து ஒத்துக்கொண்டேன். பிறகு கேட்டேன்.

"அண்ணை, சவிரியண்ணையின்ரை பேரைக் கோயில் சபையிலை சொல்லுவியளே? அவர் கத்தினதை."

முகத்தைத் துடைத்தார்.

"நாடகத்திலை கத்திறது நான் பிள்ளை."

"நீங்களோ?"

"ஒரு ராசாதான் நிக்கலாம். ஒரு வேசத்துக்கு ரெண்டு பேர் எண்டா அவங்களுக்கு விளங்காது. கதை உடைஞ்சிடும். அது நான் இல்லை, ஒரு பாத்திரம்."

"உங்கடை பேரைத்தானே சொல்லுறியள்."

"எத்தனை வருசமா ஆடுறன் தெரியுமே? இனி மாத்தேலாது." பிறகு குரலைத் தாழ்த்தினார். "அவற்ரை சத்தத்தை நான் உலகம் முழுக்கக் கொண்டுபோயிருக்கிறன். கல்லிலை பேர் வெட்டினா எத்தினை பேர் பாப்பினம்?"

ஜேர்மன் அம்மா எனக்குத் தேத்தண்ணி கொண்டுவந்து தந்தார். என் கையைத் தடவினார். நல்ல பெண். அவருக்கு ஒன்றும் தெரியாது.

நாடகம். பின்னேரம் நாலு மணி. மண்டபம் நிறைந்த சனம். குருநகரிலிருந்து இரண்டு பஸ். அன்று கடைசி வரிசையில் படுத்துத் தப்பிய பெண்களும் வந்திருந்தார்கள். இப்போது அவர்களுக்கு மருமக்கள். திரேசா அக்காவும் மகளும் கதவோரம் நின்றார்கள். நான் மேடையில் கதிரையில். வெளிச்சம் கண்ணைக் குத்துகிறது.

அண்ணை வெறும் மேடையில் நடக்கிறார். முடி இல்லை. சலங்கை இல்லை. ஆனால் ராசா வருகிறார். தோளில் தெரிகிறது. அப்படி ஒரு நடிகர் அவர். நான் பொய் எழுதமாட்டேன். அப்பா எழும்பி வந்தார். அம்மா எழும்பி வந்தார். அம்மா மாலையை மடியில் வைத்து வேர்வை துடைப்பதை அவர் ஒரு கை அசைவில் காட்டினார். சனம் அழத் தொடங்கியது. நானும் அழுதேன்.

பிறகு அவர் கத்தினார்.

"ஷெல்லடா! படுங்கோ! எல்லாரும் படுங்கோ!"

அது அண்ணையின் குரல் இல்லை. கரகரத்த குரல். இரண்டாம் தரம் "படுங்கோ" நடுவில் உடைந்தது. உடைய வேண்டிய அதே இடத்தில். மூன்றாம் தரம் கை இரண்டு பக்கமும் விரிந்தது. அச்சு அசலாக அவர். சவிரியண்ணை.

நான் ஆஸ்பத்திரியில் சொன்னது மூன்று தரம் கத்தினார் என்று மட்டும். குரல் எங்கே உடைந்தது என்று நான் சொல்லவில்லை. சொல்லத் தெரியாது எனக்கு. கேட்டவனுக்குத்தான் அப்படிக் கத்த முடியும். அண்ணை கேட்டிருக்கிறார். மத்தளத்துக்கு மேலால் கேட்டிருக்கிறார். கேட்டுக்கொண்டுதான் முதுகைக் காட்டித் திரும்பினார். கேட்டுக்கொண்டுதான் பாடினார்.

கடைசிக் காட்சி. என் பக்கம் திரும்புகிறார். முழங்காலில் இருக்கிறார். விரல் இல்லாத கையை நீட்டுகிறார்.

"தங்கச்சி, நான் கத்தினனானெல்லே? உனக்குக் கேட்டதெல்லே?"

கதவோரம் திரேசா அக்கா தெரிந்தார்.

"இல்லை" என்றேன்.

சின்னச் சத்தம்தான். ஆனால் எல்லோருக்கும் கேட்டது. "நீங்கள் கத்தேல்லை. சவிரியண்ணை…"

அதற்குள் அவர் எழும்பிவிட்டார். ஒரு கணம்கூட ஆகவில்லை. என் தலையைத் தன் நெஞ்சோடு அணைத்தார். என் வாய் அவருடைய சட்டையில் அழுந்தியது. இடது காது வெளியே. வலது காது அவருடைய நெஞ்சில். அவர் சபையைப் பார்த்து மெதுவாகச் சொன்னது நெஞ்சுக்குள்ளால் எனக்குக் கேட்டது.

"இவளுக்கு இண்டைக்கும் ஒண்டும் கேக்கேல்லை. இந்தக் காதுதான் எங்கடை போர்."

வெளிச்சம் அணைந்தது. இருட்டில் கைதட்டல். மழை தகரத்தில் விழுவது போல. எழும்பி நின்று தட்டினார்கள். ஒரு கிழவி ஓலமிட்டு அழுதார். ஜேர்மன் அம்மா மேடைக்கு ஓடிவந்து என்னைக் கட்டிப்பிடித்தார். இந்த முடிவு முந்தியதை விட நல்லதாம். யாரோ மொழிபெயர்த்துச் சொன்னார்கள்.

உடை மாற்றும் அறையில் அண்ணை தனியாக இருந்தார். நான் கதவில் நின்றேன்.

"உங்களுக்குக் கேட்டிருக்கு."

சட்டைப் பொத்தானை இடது கையால் கழற்றினார்.

"கேட்டது. எரிச்சலிலை கத்திறான் எண்டு நினைச்சன். எல்லாரையும் போலத்தானே நானும்."

"அதைக் கோயில் சபையிலை சொல்லுங்கோ. கல்லிலை பேரை வெட்டட்டும்."

"சொன்னா, நீ ஏன் பாட்டை நிப்பாட்டேல்லை எண்டு கேப்பாங்கள்." கண்ணாடியில் என்னைப் பார்த்தார். "என்னட்டை வேறை ஒண்டும் இல்லைப் பிள்ளை. அந்தச் சத்தம் மட்டும்தான்."

திங்கட்கிழமை கொழும்புக்குப் போனார். கல் திறப்புக்கு நிற்கவில்லை. அங்கே அவருக்கு நாடகம் இருந்தது.

நான் சபைத் தலைவரிடம் போனேன். தனியாகப் போனேன். கோயில் மண்டபத்தில் பத்துப் பேர் இருந்தார்கள். குனியாமல் சொன்னேன். தண்ணீர், வெடிக்கட்டு, மூன்று தரம். எல்லாம் சொன்னேன்.

"பிள்ளை, கொண்ணை றெமி கத்தினதை ஊரே மண்டபத்திலை பாத்தது. இப்ப நீ வேறை கதை சொல்லுறாய்."

"அது நாடகம் ஐயா."

கடைசி வரிசையில் படுத்துத் தப்பிய பெண் ஒருவர் அங்கே இருந்தார். அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்துச் சொன்னார்.

"றெமி கத்தினபடியாத்தானே நாங்கள் படுத்தனாங்கள். அவன்ரை குரல் இண்டைக்கும் என்ரை காதிலை நிக்குது."

"அப்ப சவிரியண்ணை?"

"அவனும் கத்தினவன்தான். அது வேறை."

பொய் சொல்கிற முகம் இல்லை அது. அவர் நம்பிவிட்டார்.

வெளியே மதிலோரம் திரேசா அக்கா நின்றார். உள்ளே நடந்தது அவருக்குக் கேட்டிருக்கும். நான் இல்லை என்று தலையை ஆட்டினேன். அவர் அழவில்லை. கடகத்தைத் தலையில் வைத்தார்.

"பறவாயில்லைப் பிள்ளை. முந்தி அந்தாளிட்டைக் கத்தின சாபம் எண்டாலும் இருந்தது. இப்ப அந்தச் சத்தமும் உங்கடை வீட்டுக்குப் போட்டுது."

போய்விட்டார். அதன்பிறகு என்னோடு கதைக்கவில்லை.

ஞாயிறு கல் திறந்தார்கள். கறுப்புக் கல். வெள்ளை எழுத்து. எட்டுப் பெயர்கள். நான் எண்ணுவது இது.

சூசைப்பிள்ளை. என் அப்பா.

மார்க்கிறேற். என் அம்மா.

பேதுருப்பிள்ளை அண்ணாவியார். தாளம் கையில் இருந்தது.

எமில். மத்தளம் அடித்தவர். மத்தளத்தின் தோல் கிழியவில்லை.

லோறன்ஸ். பிற்பாட்டுக்காரர். அன்று காலையில்தான் மகளுக்கு ஞானஸ்நானம்.

பெனடிற். கட்டியகாரன் வேசம். வாயில் வெற்றிலை.

அன்னமுத்து ஆச்சி. தெருவில் எல்லோருக்கும் பிள்ளைப்பேறு பார்த்தவர்.

றீற்றா. என்னோடு ஒரே வாங்கில் இருந்து படித்தவள். வயது பதினான்கு.

கல்லில் இல்லாதவற்றையும் எண்ணுகிறேன். என் இடது காது. அண்ணையின் இரண்டு விரல்கள். ஒரு படகு. வீட்டின் தென்பக்கச் சுவர். எங்கள் தெருவும் அவர்கள் தெருவும் சேர்ந்து ஆடிய கூத்து, அதன்பிறகு சேரவில்லை.

என் அண்ணை. அவர் இருக்கிறார். நான் எண்ணுகிறேன்.

ஒன்பதாவது சவிரிமுத்து. வயது முப்பத்திரண்டு. கடற்றொழில். மனைவி திரேசா. மகள் அவர் செத்து நாலாம் மாதம் பிறந்தாள். அவர்தான் கத்தினவர். ஷெல் விழுவதற்கு முன்னால். எங்களுக்காக.